தாளத்தில் எழுதிய சாட்சியம்: லின்டன் க்வெசி ஜான்சனும் பிரிக்ஸ்டன் தெருக்களும்

போன வருடம் எங்கள் மாலை நேரப் படிப்பு மையத்துக்கு வரும் பதினோராம் வகுப்புத் தம்பி ஒருவன் பாட்டு ஒன்று எழுதிக்கொண்டு வந்தான். அவனுடைய கூட்டாளியை இரவு பத்து மணிக்கு போலீஸ் வண்டியில் ஏற்றிக்கொண்டு போன கதை. 'எந்த ஏரியாடா' என்று கேட்டிருக்கிறார்கள். ஹவுசிங் போர்டு என்று பதில் சொன்னதுதான் அந்தப் பையன் செய்த குற்றம். பெஞ்சில் தாளம் தட்டிக்கொண்டே தம்பி பாடிக் காட்டினான். நாங்கள் கைதட்டினோம். பிறகு ஒரு தப்புச் செய்தோம். பேனாவை எடுத்து 'வூட்டாண்ட' என்பதை 'வீட்டின் அருகே' என்று மாற்றினோம். 'நின்னுகினு' என்பதை 'நின்றுகொண்டு' ஆக்கினோம். போட்டிக்கு அனுப்பலாமே என்ற நல்லெண்ணம்தான்.

அவன் திரும்பப் பாடிப் பார்த்தான். எந்த வரியும் தாளத்தில் உட்காரவில்லை. "அக்கா, இப்ப இது பாட்டு இல்ல, பரிச்ச பேப்பரு" என்று சிரித்துவிட்டு, தாளை மடித்துப் பாக்கெட்டில் வைத்துக்கொண்டான்.

அன்று இரவு எங்களுக்கு நினைவு வந்தவர் லின்டன் க்வெசி ஜான்சன். சமூகவியல் முதுகலை படித்த காலத்தில் இனவெறி, காவல்துறை என்ற தலைப்புகளில் நிறைய வாசித்தோம். ஆனால் 1970களின் லண்டனில் கறுப்பின இளைஞனாக இருப்பது எப்படி இருந்திருக்கும் என்பதை உடம்பில் உணர வைத்தவை இவருடைய இசைத்தட்டுகள்தான். கவிதை, ஒலி, திரைப்படம் என்று பல ஊடகங்களில் புதியதைத் தேடுபவர்களைக் கலை உலகம் 'பரிசோதனைக் கலைஞர்' என்று அழைக்கும். அந்தப் பெயர் எளிதில் கிடைப்பது யாருக்கு? வசதியான வீட்டுப் பிள்ளை ஒலிப்பதிவுக் கருவியோடு கவிதை செய்தால் அது பரிசோதனை. கறுப்பினத்தவரோ தலித்தோ அதையே செய்தால் அது 'கோபம்', 'முழக்கம்', இல்லாவிட்டால் 'நாட்டுப்புறம்'. ஜான்சனின் வரலாற்றை இங்கே சொல்வதற்கு இதுவும் ஒரு காரணம்.

பாட்டி, பைபிள், சிறுத்தைகளின் நூலகம்

ஜான்சன் 1952இல் ஜமைக்காவின் கிளாரண்டன் மாவட்டத்தில் உள்ள சேப்பல்டன் என்ற சிற்றூரில் பிறந்தவர். தாய் வேலை தேடி முன்னதாகவே லண்டன் போய்விட்டார். பையன் பாட்டியிடம் வளர்ந்தான். பாட்டி விவசாயக் கூலி வாழ்க்கையில் உழன்றவர், எழுதப் படிக்கத் தெரியாதவர். அவருக்குப் பேரன்தான் பைபிளை வாசித்துக் காட்டினான். ஜான்சன் காதில் விழுந்த முதல் இலக்கியம் அந்தச் சங்கீதங்களும் பாட்டி சொன்ன கதைகளும் விடுகதைகளும்தான். 1963இல், பதினோரு வயதில், தெற்கு லண்டனின் பிரிக்ஸ்டன் பகுதியில் இருந்த தாயிடம் வந்து சேர்ந்தார்.

இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு பிரிட்டனுக்கு ஆள் தேவைப்பட்டது. பேருந்து ஓட்ட, மருத்துவமனையில் வேலை பார்க்க, ஆலையில் நிற்க என்று கரீபியன் தீவுகளிலிருந்தும் இந்தியத் துணைக்கண்டத்திலிருந்தும் மக்கள் போனார்கள். வேலை கிடைத்தது, வாடகைக்கு வீடு கிடைக்கவில்லை. சேரியை ஊருக்கு வெளியே வைத்துவிட்டு, வயலில் வேலை செய்ய மட்டும் கூப்பிடும் ஊர்களைப் பார்த்த நமக்கு இது விளங்காத கணக்கு இல்லை.

டல்ஸ் ஹில் பள்ளியில் படித்துக்கொண்டிருந்தபோதே ஜான்சன் பிரிட்டிஷ் பிளாக் பாந்தர் இயக்கத்தின் இளைஞர் அணியில் சேர்ந்தார். பள்ளிக்கூடத்தில் கறுப்பினத்தவர் எழுதிய ஒரு புத்தகத்தையும் அவர் பார்த்ததில்லை. இயக்கத்தின் நூலகத்தில்தான் டபிள்யூ. ஈ. பி. டுபாய்ஸ் எழுதிய 'கறுப்பின மக்களின் ஆன்மாக்கள்' கைக்குக் கிடைத்தது. நானும் எழுத வேண்டும் என்று தோன்றியது அதைப் படித்த பிறகுதான் என்று அவர் பலமுறை சொல்லியிருக்கிறார். பிறகு கோல்ட்ஸ்மித்ஸ் கல்லூரியில் சமூகவியல் படித்துப் பட்டம் பெற்றார்.

அதே காலத்தில், 1972இல், பம்பாயில் நாம்தேவ் தசால், ராஜா தாலே, ஜே. வி. பவார் முதலானோர் தலித் பாந்தரைத் தொடங்கினார்கள். அமெரிக்கக் கறுஞ்சிறுத்தைகளின் பெயரையே அவர்களும் எடுத்துக்கொண்டார்கள். தசாலின் முதல் தொகுப்பான 'கோல்பிதா' வெளிவந்ததும் அதே ஆண்டுதான். பம்பாயின் சிவப்பு விளக்குப் பகுதி மொழியை மராத்திக் கவிதைக்குள் கொண்டுவந்த புத்தகம் அது. பிரிக்ஸ்டனிலும் பம்பாயிலும் ஒரே பெயரைச் சூடிய இளைஞர்கள், ஏறத்தாழ ஒரே வருடங்களில், தங்கள் தெருவின் மொழியிலேயே எழுதத் துணிந்தார்கள்.

சந்தேகமே குற்றம்

பிரிட்டனில் 1824ஆம் ஆண்டு நாடோடிகள் சட்டம் என்று ஒன்று இருந்தது. நெப்போலியன் போர் முடிந்து தெருவில் அலைந்த ஏழைகளைப் பிடித்து உள்ளே போடுவதற்காக இயற்றியது. அதன் நான்காம் பிரிவின்படி, குற்றம் செய்யும் நோக்கத்தோடு சுற்றுகிறார் என்ற சந்தேகமே ஒருவரைக் கைது செய்யப் போதும். பாதிக்கப்பட்டவர் யாரும் புகார் கொடுக்க வேண்டியதில்லை, இரண்டு போலீஸ்காரர்களின் சாட்சி இருந்தால் தண்டனை வாங்கித் தரலாம். ஒன்றரை நூற்றாண்டு கழித்து, 1970களில், அந்தப் பிரிவு கறுப்பின இளைஞர்களைப் பிடிக்கும் வலையாக மாறியது. மக்கள் அதைச் 'சஸ்' என்று சுருக்கிச் சொன்னார்கள். குற்றப் பரம்பரைச் சட்டம் தெரிந்த நமக்கு இந்தத் தர்க்கம் புதிதல்ல. இரண்டும் ஒரே பேரரசு பெற்ற பிள்ளைகள்.

ஜான்சனே இதை அனுபவித்தவர். 1972இல் பிரிக்ஸ்டன் சந்தையில் கறுப்பின இளைஞர் ஒருவரைப் போலீஸ் முரட்டுத்தனமாகப் பிடிப்பதைப் பார்த்தார். இயக்கத்தில் கற்றுக்கொண்டபடி போலீஸ்காரர்களின் எண்களைத் தாளில் குறித்தார். உடனே அவரையும் வண்டியில் ஏற்றி அடித்தார்கள். போலீஸைத் தாக்கியதாக அவர் மீதே வழக்குப் போட்டார்கள்.

1979இல் வந்த 'சன்னியின் கடிதம்' என்ற கவிதை சஸ் சட்டத்துக்கு எதிராக எழுதியது. பிரிக்ஸ்டன் சிறையிலிருந்து மகன் தாய்க்கு எழுதும் கடிதம். நலம் விசாரிப்போடு மரியாதையாகத் தொடங்குகிறது. தம்பியைப் பார்த்துக்கொள்வதாக வாக்குக் கொடுத்தேனே அம்மா, முடியவில்லை என்கிறான். மாலை நேரம், பேருந்துக்காக இருவரும் நிற்கிறார்கள். வண்டி வந்து நிற்கிறது. தம்பியை அடிக்கிறார்கள். அண்ணன் பொறுக்காமல் திருப்பி அடிக்கிறான். ஒரு போலீஸ்காரர் செத்துப்போகிறார். தம்பி மீது சஸ் வழக்கு, அண்ணன் மீது கொலை வழக்கு. கவலைப்படாதே அம்மா என்று கடிதம் முடிகிறது. முழக்கம் எதுவும் இல்லை. ஒரு கடிதம் சொல்லும் அளவுக்குத்தான் சொல்கிறது. பிள்ளை வீடு திரும்பாத இரவைக் கண்ட தாய்மார் யாருக்கும் விளக்கம் தேவைப்படாது.

1981இல் சஸ் பிரிவு நீக்கப்பட்டது. கவிதை அதை நீக்கிவிட்டது என்று சொல்ல மாட்டோம். கறுப்பினத் தாய்மார்கள் முன்னின்று வருடக்கணக்கில் நடத்திய போராட்டம் அதற்கு முக்கியக் காரணம். கவிதை அந்தப் போராட்டத்தோடு கூட நடந்தது.

பேச்சை எழுத்தாக்கியது

ஜான்சன் தன் மக்கள் பேசும் ஜமைக்கப் பேச்சு மொழியில் எழுதினார். ஆப்பிரிக்க மொழிகளும் ஆங்கிலமும் அடிமைத் தோட்டங்களில் கலந்து உருவான மொழி அது. அதை 'உடைந்த ஆங்கிலம்' என்றே பள்ளிகள் சொல்லிவந்தன. ஜான்சன் அகராதி எழுத்துக்கூட்டலைத் தூக்கி எறிந்துவிட்டு, வாயில் வருவது போலவே சொற்களை எழுதினார். ஆங்கிலம் படித்தவர்களும் வாய்விட்டு வாசித்தால்தான் பொருள் புரியும். கண்ணால் மேய்ந்துவிட்டுப் போக முடியாது. வாசகரின் வாயைத் தன் மக்களின் குரலுக்கு வாடகைக்கு எடுக்கும் வித்தை இது.

இதற்கு எதிர்ப்பும் வந்தது. இந்த எழுத்துமுறை பள்ளிப் பிள்ளைகளைக் கெடுத்து எழுத்தறிவற்ற கலவரக்காரர்களை உருவாக்குகிறது என்ற கருத்தில் லண்டன் வார இதழ் ஒன்று 1982இல் எழுதியது. அதை வாசித்தபோது எங்களுக்குச் சங்கடமாக இருந்தது. நாங்கள் தம்பியின் பாட்டில் ஓட்டிய பேனாவும் அந்த இதழின் பேனாவும் ஏறத்தாழ ஒரே திசையில்தான் ஓடியிருக்கின்றன.

குரலை எடுத்த பிறகு

தாளில் எழுதியது போதவில்லை. 1975இல் வந்த அவருடைய இரண்டாவது தொகுப்பான 'டிரெட் பீட் அண்ட் பிளட்' படித்தவர்களைச் சென்றடைந்தது. ஆனால் அவர் யாருக்காக எழுதினாரோ அந்த இளைஞர்கள் சனிக்கிழமை இரவுகளில் வீட்டுக் கொண்டாட்டங்களில், ஆளுயர ஒலிபெருக்கிகளின் முன்னால் நின்றார்கள்.

அங்கே ஒலித்தது ரெக்கே. ரெக்கே இசைத்தட்டின் முதல் பக்கத்தில் பாட்டு இருக்கும். மறுபக்கத்தில் அதே பாட்டிலிருந்து பாடகரின் குரலை எடுத்துவிட்டு, டிரம்மையும் பேஸ் கிட்டாரையும் முன்னுக்குத் தள்ளி, எதிரொலி சேர்த்த இன்னொரு வடிவம் இருக்கும். அதன் பெயர் டப். கிங்ஸ்டன் நகரத்தின் கிங் டப்பி போன்ற ஒலிப்பொறியாளர்கள் வளர்த்த கலை அது. குரல் போன அந்த வெற்றிடத்தில் மைக்கைப் பிடித்துத் தாளத்துக்குப் பேசுவார்கள் டீஜேக்கள். இன்று நீங்கள் கேட்கும் ராப்புக்கும் இதற்கும் உறவு உண்டு. நியூயார்க்கின் பிராங்க்ஸ் பகுதியில் ஹிப்ஹாப்பைத் தொடங்கிவைத்தவர்களில் ஒருவரான கூல் ஹெர்க் கிங்ஸ்டனில் பிறந்தவர்.

டீஜேக்கள் செய்வதும் கவிதைதான் என்று சொல்லி, 'டப் கவிதை' என்ற சொல்லை 1970களின் நடுவில் பயன்படுத்தத் தொடங்கினார் ஜான்சன். அவர் கவிதை எழுதும்போதே பேஸ் கிட்டாரின் நடை வரிக்குள் இருக்கும். ஆங்கிலக் கவிதையின் பழைய யாப்பை விட்டுவிட்டு, பேஸ் கிட்டாரையே யாப்பாக எடுத்துக்கொண்டார் என்று சொல்லலாம். இசைத்தட்டுகளில் அவரோடு உழைத்தவர் பார்படாஸில் பிறந்த டென்னிஸ் போவெல். கொண்டாட்டத்தில் ஒலிபெருக்கி இயக்கியபோது கைதாகி, ஆறு மாதம் சிறையில் இருந்து, மேல்முறையீட்டில் வெளியே வந்தவர். கவிதையில் வரும் சிறை இருவருக்கும் கேள்விப்பட்ட விஷயம் இல்லை.

1978இல் அந்த இரண்டாவது தொகுப்பின் பாடல்கள், 1979இல் 'ஃபோர்சஸ் ஆஃப் விக்டரி', 1980இல் 'பேஸ் கல்ச்சர்' என்று இசைத்தட்டுகள் வந்தன. 1980இலேயே 'எல்கேஜே இன் டப்' என்று இன்னொன்று. அதில் தன் கவிதைகளிலிருந்து தன் குரலையே பெரும்பாலும் எடுத்துவிட்டார்கள். கவிஞர் தன் சொல்லை நீக்கி வெளியிட்ட கவிதைத் தொகுப்பு! ஏற்கெனவே கேட்டவர்களுக்கு இல்லாத வரிகள் காதில் ஓடும். பறையடி கேட்டதும் பாட்டு நெஞ்சில் எழும் ஊர்க்காரர்களுக்கு இது சொல்லாமலே புரியும்.

பதின்மூன்று பிள்ளைகள்

1981 ஜனவரி 18, ஞாயிறு விடியற்காலை. தென்கிழக்கு லண்டனின் நியூ கிராஸ் சாலையில், 439ஆம் எண் வீட்டில் பிறந்தநாள் கொண்டாட்டம். தீப்பிடித்தது. பதின்மூன்று கறுப்பின இளைஞர்கள் இறந்தார்கள். பதினான்கு வயதிலிருந்து இருபத்திரண்டு வயது வரை உள்ள பிள்ளைகள். தப்பிப் பிழைத்த இன்னொருவர் இரண்டு ஆண்டுகள் கழித்து இறந்தார்.

இனவெறியர்கள் தீ வைத்தார்கள் என்று மக்கள் சந்தேகித்தார்கள். அந்தப் பகுதியில் அப்படித் தாக்குதல்கள் முன்பும் நடந்திருந்தன. போலீஸோ கொண்டாட்டத்துக்கு வந்த பிள்ளைகளையே துருவித் துருவி விசாரித்தது. அரசிடமிருந்து உடனே ஒரு இரங்கல் செய்திகூட வரவில்லை. அடுத்த மாதம் டப்ளின் நகரத்தில் நடன அரங்கு ஒன்று எரிந்து 48 பேர் இறந்தபோது, லண்டனிலிருந்து இரங்கல் உடனே பறந்தது. யாருடைய சாவு சாவாகக் கணக்கில் வருகிறது என்பதை மக்கள் அப்போது நேரில் பார்த்தார்கள்.

ஜான் லா ரோஸ் தலைமையில் நியூ கிராஸ் படுகொலை நடவடிக்கைக் குழு அமைந்தது. 1981 மார்ச் 2, திங்கட்கிழமை, வேலை நாள். ஏறத்தாழ 20,000 பேர் நியூ கிராஸிலிருந்து ஹைட் பார்க் வரை நடந்தார்கள். பதின்மூன்று பேர் செத்தார்கள், யாரும் வாய் திறக்கவில்லை என்பதே அன்றைய முழக்கம். அடுத்த நாள் பெரிய பத்திரிகைகள் சில அந்த ஊர்வலத்தைக் கலவரமாகவே எழுதின. ஏப்ரலில் பிரிக்ஸ்டனில் சாதாரண உடையில் போலீஸார் இறங்கி, சில நாள்களில் ஏறத்தாழ ஆயிரம் பேரை நிறுத்திச் சோதனை போட்டார்கள். ஏப்ரல் 10 முதல் 12 வரை பிரிக்ஸ்டன் எரிந்தது.

தீ விபத்து குறித்து 1981இலும் 2004இலும் மரண விசாரணை நடந்தது. காரணத்தை உறுதியாகச் சொல்ல முடியவில்லை என்பதே இரண்டு முறையும் வந்த முடிவு. இன்று வரை யார் மீதும் குற்றச்சாட்டு இல்லை.

இதைப் பற்றி ஜான்சன் எழுதிய கவிதை 1980களின் முற்பாதியில் வந்த 'மேக்கிங் ஹிஸ்டரி' இசைத்தட்டில் இருக்கிறது. கொண்டாட்டத்தைச் சொல்லும் பகுதி ஆட்டத் தாளத்தில் துள்ளுகிறது. நடுவில் தீ வருகிறது. பிறகு தாளம் விட்டுப் பேச்சு வருகிறது. அன்று நாம் எப்படித் திகைத்தோம், பத்திரிகை என்ன எழுதியது, போலீஸ் என்ன சொன்னது என்று கேட்பவரின் நினைவையே அது தட்டி எழுப்புகிறது. மீண்டும் ஆட்டம், மீண்டும் தீ. நீதிமன்றம் எழுதாத தீர்ப்பை அவர் எழுதிவிடவில்லை. நடந்ததை வரிசை மாறாமல் தாளத்தில் கட்டி வைத்தார். தாளத்தில் கட்டியது மறக்காது என்று பாட்டியிடமிருந்து கற்றவர் அல்லவா!

கேமரா வந்தபோது

1979இலேயே, இத்தாலியில் பிறந்து லண்டனில் வளர்ந்த ஃபிராங்கோ ரோஸ்ஸோ, ஜான்சனைப் பற்றி 'டிரெட் பீட் அண்ட் பிளட்' என்ற பெயரிலேயே ஆவணப்படம் எடுத்தார். பிராட்ஃபோர்டு நகரத்தில் பொய் வழக்கில் சிறை போன ஜமைக்கத் தொழிலாளி ஒருவருக்காக ஜான்சன் தெருவில் நின்று, கையில் ஒலிபெருக்கிக் குழலோடு கவிதை சொல்லும் காட்சி அதில் உண்டு. அடுத்த வருடம் அதே ரோஸ்ஸோ 'பாபிலோன்' என்ற கதைப்படம் எடுத்தார். இசை டென்னிஸ் போவெல். தெற்கு லண்டனின் ஒலிபெருக்கிக் குழு இளைஞர்களைப் பற்றிய அந்தப் படத்துக்கு பிரிட்டனில் வயது வந்தோருக்கான சான்றிதழ் கொடுத்தார்கள். படம் யாரைப் பற்றியதோ அந்த வயதுப் பிள்ளைகளே அரங்குக்குள் நுழைய முடியவில்லை. அமெரிக்கத் திரையரங்குகளுக்கு அது 2019இல்தான் போனது. 1981 ஊர்வலத்தை மெனெலிக் ஷபாஸ் என்ற கறுப்பின இயக்குநர் தன் கேமராவில் பதிந்து ஆவணப்படமாக்கினார். நடந்தவர்கள் பார்வையில் அந்த நாள் மிஞ்சியிருப்பது அவரால்தான்.

2020இல் ஸ்டீவ் மெக்வீன் 'ஸ்மால் ஆக்ஸ்' வரிசையில் எடுத்த 'அலெக்ஸ் வீட்டில்' படத்தில், நியூ கிராஸின் பழைய புகைப்படங்கள் திரையில் ஒன்றன்பின் ஒன்றாக நகர, பின்னணியில் ஜான்சனின் கவிதை ஒலிக்கிறது. பிள்ளைகள் இறந்து நாற்பது வருடம் ஆகப்போகும் நேரத்தில், பிரிட்டனின் வரவேற்பறைகளுக்குள் அந்தச் சாட்சியம் வந்து உட்கார்ந்தது. தாளில் பிறந்து, இசைத்தட்டில் சுற்றி, திரையில் வந்து சேர்ந்த பயணம் இது.

கவிஞரின் நாற்காலி

இளம் தோழர்களுக்கு இதைக் குறிப்பாகச் சொல்ல விரும்புகிறோம். ஜான்சன் தனி ஆளாக நின்றவர் இல்லை. பிரிக்ஸ்டனில் இயங்கிய 'ரேஸ் டுடே' குழுவில் அவர் உறுப்பினர், இதழின் கலைப் பகுதிக்குப் பொறுப்பாளர். டார்கஸ் ஹோவ் ஆசிரியர். இந்தியாவிலிருந்து போன மாலா சென், ஃபாரூக் தோண்டி இருவரும் அதே குழுவில் இருந்து, கிழக்கு லண்டனில் வங்காளிக் குடும்பங்களின் வீட்டு உரிமைக்குப் போராடினார்கள். பூலன் தேவியின் வாழ்க்கையைப் பின்னாளில் புத்தகமாக எழுதியவர் இதே மாலா சென். அந்த இதழ் முதலில் லண்டனின் இன உறவுகள் நிறுவனத்திலிருந்து வந்தது. 1972இல் ஊழியர்கள் அந்த நிறுவனத்தை மேலிடத்தின் பிடியிலிருந்து மீட்டபோது முன்னால் நின்றவர் நூலகர் அ. சிவானந்தன். 1958 கலவரத்துக்குப் பின் இலங்கையை விட்டு வந்த தமிழர்.

கவிதை அரசியல் வேலைக்கு மாற்று இல்லை என்பதில் ஜான்சன் தெளிவாக இருந்தார். இதழ் விற்றார், கூட்டம் கூட்டினார், ஊர்வலத்துக்கு ஆள் திரட்டினார். 1979இல் சவுத்ஹாலில் இனவெறிக் கட்சிக்கு எதிரான போராட்டத்தில் அடிபட்டு இறந்த வெள்ளைக்கார ஆசிரியர் பிளேர் பீச்சுக்காகவும் கவிதை எழுதினார். போலீஸ்காரர் ஒருவரே அவரை அடித்திருக்க வேண்டும் என்ற உள்விசாரணை அறிக்கை 2010 வரை வெளியே வரவில்லை. கவிதை மட்டும் முப்பது வருடங்களுக்கு முன்பே தெருவில் இருந்தது.

2002இல் பெங்குவின் பதிப்பகம் தன் நவீன செவ்வியல் வரிசையில் அவருடைய தொகுப்பை வெளியிட்டது. அந்த வரிசையில் இடம்பெற்ற முதல் கறுப்பினக் கவிஞர் அவர். எழுத்துக்கூட்டலை ஒரு எழுத்துகூட மாற்றித் திருத்திக் கொடுக்கவில்லை.

நாங்கள் தம்பியிடம் போய் மன்னிப்புக் கேட்டோம். பழைய தாளை வைத்திருந்தான், எங்கள் திருத்தங்களுக்கு மேல் கோடு போட்டு. 1996 டிசம்பரில் டி. கே. பாசு வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதை அவனுக்கு விளக்கினோம். கைது செய்யும் போலீஸ்காரர் பெயர்ப் பட்டை அணிந்திருக்க வேண்டும், கைதுக் குறிப்பு எழுதி சாட்சியின் கையெழுத்து வாங்க வேண்டும், வீட்டாருக்குத் தகவல் சொல்ல வேண்டும். கூட்டாளியின் விஷயத்தில் இதில் எதுவும் நடக்கவில்லை. பாட்டின் அடியில் தேதி, நேரம், ஸ்டேஷன் பெயர் மூன்றையும் எழுதி வை என்று மட்டும் கேட்டுக்கொண்டோம்.

சரி என்றான். எழுதினான். பேனாவை மட்டும் எங்கள் கையில் கொடுக்கவில்லை.